கணவாய் திறக்கும்வரை

— அக்கா, வயித்த நல்லா பிடிச்சுக்குங்க. இனிமே பள்ளமும் மேடும்தான். நம்ம கிழவி முதுகுல பதினஞ்சு டன் நிலக்கரி. அவ இடுப்ப நெளிச்சுத்தான் நடப்பா.

— லாரியப் போயி கிழவி கிழவின்னுக்கிட்டு. ரோட்டப் பாத்து ஓட்டு தொலோன்.

— ரோடு எங்கக்கா இருக்கு? பனிதான் இருக்கு. சொல்றேன் கேளுங்க, நாப்பது வயசுல தலைச்சன் பிள்ளை! சுரங்கம் பூரா இதே பேச்சுதான். உல்கானப் பூப்போலக் கொண்டுபோயி டவுன் ஆஸ்பத்திரில இறக்கணும்னு உங்க வீட்டுக்காரரு சபார் அண்ணன் எங்கிட்ட ஆயிரம் தடவ சொல்லிட்டாரு.

— அதான் ஏத்திட்டியே. வாய மூடிட்டு ஓட்டு.

— ஏன் புருல் தங்கச்சி, நீ ஏன் இப்படி வேர்த்துக் கொட்டுற? பிள்ள பெறப் போறது உன் ஓரகத்தி. வேர்க்குறது உனக்கா?

— எர்மெக்கோட கோட்டுண்ணே. கனம்.

— கழட்டிப் போடேன்.

— வேணாம்.

— அவ புருஷன் கோட்டு, அவ போட்டுக்கறா. உனக்கென்ன வந்துச்சு? அவன் போயி நாலு மாசம்கூட ஆகல.

— தப்புதான்கா. தங்கமான மனுஷன் எர்மெக்... அடப் பாவி! நில்லு, நில்லு, நில்லு கிழவி!

— என்னடா ஆச்சு?

— பனிச்சரிவு. கணவாய் அடைச்சுப் போச்சு. மலையே இறங்கி வந்து குறுக்க படுத்திருக்கு பாருங்க. அந்தாண்ட புல்டோசர் சத்தம் கேக்குது. ஓட்டறது நம்ம ஊரு மாமிர்தான்னு நெனக்கறேன். எவ்வளவு நேரமாகும்னு கேட்டுட்டு வந்துடறேன். நீங்க பயப்படாதீங்க. உள்ள இருக்கறவனக் கொஞ்சம் பொறுக்கச் சொல்லுங்க.

— போயிட்டானாக்கா?

— போயிட்டான். எத்தன நிமிஷத்துக்கு ஒருக்க வலிக்குது புருல்?

— எண்ணுறத விட்டுட்டேன்.

— ஐயோ! காலையிலயே சொல்றதுக்கென்னடி?

— சொன்னா வீட்லயே பொறந்திருக்கும். பக்கத்து வீட்டுக்காரிங்க ஓடி வந்திருப்பாங்க. உங்களுக்காகத்தான் பல்லக் கடிச்சுக்கிட்டு உக்காந்திருக்கேன்.

— இன்னும் கொஞ்சம் கடி, என் தாயி. கீழ என் சித்தி மக நர்ஸா இருக்கா. உல்கான் பெத்தான்னு எழுதிக்குவா. நாலு நாள்ல நான் பிள்ளையோட வருவேன், நீ கைய வீசிட்டு வருவ. எவளுக்கும் சந்தேகம் வராது. துக்கத்துக்குச் சுவரப் பாத்து உக்காந்தவ வயித்த எவ பாத்தா? எல்லாரும் என் வயித்தத்தானே பாத்தாளுங்க.

— ம்.

— என்ன ம்? எர்மெக் குடுத்த வாக்குதானே இது. அண்ணனுக்குப் பிள்ளை இல்ல, அடுத்தது பொறந்தா அண்ணன் வீட்டுக்குன்னு ரொட்டி மேல கை வெச்சு அவன்தானே சொன்னான்?

— சொன்னாரு. நானும் தலையாட்டினேன். மூணு பொண்ணு இருக்கு, நாலாவதக் குடுத்தா என்ன கொறஞ்சிடப் போகுதுன்னு நெனச்சேன். அப்ப அவரு இருந்தாரு.

— இப்ப மனசு மாறுறியா?

— இல்லக்கா. வாக்கு வாக்குதான். ஒண்ணே ஒண்ணு கேக்கறேன். பையனாப் பொறந்தா துயாக்னு பேரு வைங்க.

— உனக்கென்ன புத்தி கெட்டுப் போச்சா? அப்பன் செத்தப்புறம் பொறக்கற பையனுக்கு வைக்கிற பேரு அது. கேட்ட நிமிஷமே ஊருக்கு எல்லாம் வெளிச்சமாயிடும். சபார் குத்துக்கல்லாட்டம் உயிரோட இருக்கும்போது எம்பிள்ளைக்கு அந்தப் பேர வைக்கவா?

— அப்ப எர்மெக்குக்கு என்னதான் மிச்சம்? சுரங்கத்துக்குள்ள செத்தவர எடுத்துக்கூடக் குடுக்கல. வாசல்ல கல்லப் போட்டு அடைச்சிட்டாங்க. நாம புதைச்சது அவரு தொப்பியத்தான். பையனா இருந்தா, அவரு பேரச் சொல்ல இவன் ஒருத்தன்தான். இவனும் பெரியப்பாவ அப்பான்னு கூப்பிடுவான். என்னைச் சித்தின்னு கூப்பிடுவான்.

— நீ பேசிட்ட. நான் பேசவா? பதினெட்டு வருஷம் புருல். ஒரு கல்யாண வீட்லகூடப் பொண்ணுக்கு முக்காடு போட என்னைக் கூப்பிட்டதில்ல. மலடி கை படக் கூடாதாம். இந்தத் தலையணைய வயித்துல கட்டுனப்புறம்தான் தண்ணிப் பம்புல எனக்கு வழி விட்டாளுங்க. மாமியார் முதமுதலா என் தட்டுல நல்ல கறியா எடுத்து வெச்சாங்க. இதக் கழட்டி வைக்கும்போதெல்லாம் எனக்கு வயிறு நெசமாவே காலியான மாதிரி இருக்கும்டி. சிரிக்காத.

— சிரிக்கலக்கா. எனக்குத் தெரியும். அதனாலதான் குடுக்கறேன்னு... அம்மா! அக்கா, தண்ணிக்குடம் உடைஞ்சிருச்சு!

— தொலோன்! டேய் தொலோன்! ஓடியாடா!

— வந்துட்டேன், வந்துட்டேன்! ரெண்டு மணி நேரமாவது ஆகுமாம். அக்கா, படுத்துக்குங்க, மூச்ச இழுத்து விடுங்க, பதறாதீங்க...

— எனக்கில்லடா, அவளுக்கு!

— யாருக்கு?

— புருலுக்கு! சீட்டுக்குப் பின்னால இருக்கற படுக்கையில அவள ஏத்து. ஏத்திட்டு முதுகக் காட்டி உக்காரு. புருல், இந்தா, இத இடுப்புக்குக் கீழ வெச்சுக்க.

— அல்லாவே! அக்கா, உங்க வயிறு... கையோட வந்துருச்சு!

— தலையணை. ஆட்டு ரோமம். பாத்தாச்சா? திரும்பு.

— நான் பனியத் தவிர எதையும் பாக்கல. நம்ம கிழவி மேல சத்தியம்.

— சத்தியத்த அப்புறம் பண்ணு. ஹீட்டரக் கூட்டு. வெந்நீ இருக்கா?

— பிளாஸ்க்ல டீ இருக்குக்கா. பால் ஊத்தி, உப்புப் போட்டது.

— அத உன் தலையில ஊத்து. பனிய அள்ளி கெட்டில்ல போட்டு ஸ்டவ்வப் பத்த வை. கத்திய நெருப்புல காட்டு. ஓடு!

— அக்கா, என்னால முடியல.

— முடியும். மூணு பெத்தவ நீ. நான் ஆட்டுக்குத்தான் பிரசவம் பாத்திருக்கேன். பயப்பட வேண்டியது நானு. முக்கு!

— எர்மெக்!

— திட்டு, அவன நல்லாத் திட்டு. ஆனா முக்கு. தல தெரியுதுடி. இன்னொரு தடவ. இன்னும் ஒண்ணு. அவ்வளவுதான், அவ்வளவுதான்... வந்துட்டான்.

— சத்தத்தக் காணோமே. அக்கா, ஏன் அழல? ஏன் அழல?

— இரு, சளிய உறிஞ்சி எடுக்கறேன். அழுடா. அழு ராசா, உன் கால்ல விழறேன், அழுடா. அல்லாவே, எர்மெக் பிள்ளைய எடுத்துக்காத, இதையும் எடுத்துக்காத... ஆங்! கேட்டியா? கேட்டியா புருல்? தொண்டையப் பாரு, சுரங்கத்து சங்கு மாதிரி!

— அக்கா, நான் திரும்பலாமா? இங்க ஒருத்தன் தனியா அழுதுட்டிருக்கேன்.

— திரும்புடா. அந்தக் கோட்ட இப்படிக் குடு, பிள்ளையச் சுத்தணும்.

— எங்கிட்ட ஒரு தடவ குடுங்கக்கா. பால் குடுக்க மாட்டேன். முகத்தப் பாத்துட்டுக் குடுத்துடறேன்.

— பிடி. கழுத்தத் தாங்கிப் பிடி.

— அக்கா, ஒரு விஷயம். மாமிர் அங்கேர்ந்து கத்தறான். பிள்ளச் சத்தம் அவன் காதுக்குப் போயிருச்சு. யாருக்குப் பொறந்துச்சு, என்ன பிள்ளைன்னு கேக்கறான். நல்ல சேதிய மொதல்ல சொல்றவனுக்குத்தானே பரிசு? வயர்லெஸ்ஸக் கையில வெச்சுக்கிட்டு நிக்கறான், இப்பவே சுரங்கத்துக்குச் சொல்லிடுவான். நான் என்னன்னு சொல்லட்டும்?

— உல்கான் அக்காவுக்கு ஆம்பளப் பிள்ளைன்னு சொல்லுங்கண்ணே.

— நில்லு தொலோன்.

— சொல்லட்டும்க்கா. வாக்கு வாக்குதான். இந்தாங்க, வாங்கிக்குங்க.

— அவன் மூச்சில்லாமக் கிடந்தானே, அப்ப எம்பிள்ளையக் காப்பாத்துன்னு எனக்கு வாயில வரல புருல். எர்மெக் பிள்ளையக் காப்பாத்துன்னுதான் வந்துச்சு. நீயும் காதால கேட்டியே. தொலோன், எர்மெக்குக்கு மகன் பொறந்திருக்கான்னு சொல்லு. பேரு துயாக்னு சொல்லு.

— அக்கா, கத்திட்டா திருப்பி வாங்க முடியாது.

— தெரியும். எம்மனசு மாறுறதுக்குள்ள போயிக் கத்து.

— வேணாம்க்கா! என்னைக் கேட்டா, கண்ணு படும்னு வயித்த மறைச்சேன்னு சொல்லிக்குவேன். உங்கள விடுவாங்களா? காலையில அத்தன பேரும் பாக்க வயித்தோட லாரி ஏறுனீங்க. வெறும் வயித்தோட போயி நின்னா என்ன சொல்வீங்க?

— எனக்குப் பொறந்தது தங்கலன்னு சொல்லுவேன். அழறதுக்கு மட்டும் நடிக்க வேண்டியிருக்காது.