தையல் கடையின் போர்டு

முதலில் ஒன்று சொல்லிவிடுகிறேன், இன்ஸ்பெக்டர். இந்த அறையின் வெளிச்சம் சரியில்லை. விளக்கை உச்சந்தலைக்கு மேல் தொங்கவிட்டால் யார் உட்கார்ந்தாலும் திருடன் மாதிரிதான் தெரிவான். தொழில் புத்தி, கோபித்துக்கொள்ளாதீர்கள்.

நான் இந்திப் படம் எடுக்கிறவன். சாதிக் கொடுமையைப் பற்றித்தான் எடுப்பேன். அதில் எனக்குக் கைராசி. சாதியை ஒழிக்க எனக்கு இரண்டரை மணி நேரம் போதும், நடுவில் இடைவேளையும் உண்டு. மேல்சாதி அதிகாரி ஒருவன் ஜீப்பில் வந்து இறங்குவான். ஒரு பேச்சு, ஓர் அறை, முடிந்தது. ஒடுக்கப்பட்ட பெண்ணாக நடிக்க ரோஜாப்பூ நிறத்தில் ஒரு நடிகையைப் பிடித்து, மூன்று பூச்சு மண்ணிறம் தடவுவோம். பூச்சே தேவைப்படாத பெண்களும் வாய்ப்புக் கேட்டு வருவார்கள். முகத்தில் வலி போதாது என்று அனுப்பிவிடுவேன்.

போன படம் என் லைட்மேனுடைய தங்கையின் கதை. அவள் ஒரு மேல்சாதிக்காரனைக் காதலித்துக் கல்யாணம் செய்துகொண்டாள். கல்யாணமான எட்டாம் மாதம் அவனுடைய அண்ணன்மார் இருவர் அவள் கண்ணெதிரே அவனை வெட்டிப்போட்டார்கள். அவள் தப்பித்துவிட்டாள். பெயரை மாற்றிக்கொண்டு வேறு ஊரில் தையல் கடை வைத்திருந்தாள். கொலையைப் பார்த்த ஒரே சாட்சி அவள்தான்.

இதையெல்லாம் லைட்மேன் சாப்பாட்டு வேளைகளில் கொஞ்சம் கொஞ்சமாகச் சொன்னான். ஒருமுறை என்னை அவள் கடைக்கே அழைத்துப்போனான். அவ்வளவு நம்பிக்கை. படத்தில் அதிகாரி சரியான நேரத்துக்கு வந்து கணவனைக் காப்பாற்றிவிடுவான். அப்படி யாரும் வரவில்லையே என்று லைட்மேன் தயங்கினான். நடந்ததை நடந்தபடி காட்டினால் ஜனங்கள் எப்படி நிம்மதியாக வீட்டுக்குப் போவார்கள் என்று அவனுக்குப் புரியவைத்தேன்.

படம் இரண்டாம் நாளே படுத்துவிட்டது. இதெல்லாம் இப்போது எங்கே நடக்கிறது என்று கேட்டார்கள். அந்த ஒரு கேள்விதான் என்னால் பொறுக்க முடியவில்லை. நிஜம் என்று காட்ட நிஜமான பெண்தான் வேண்டும். லைட்மேனிடம் சொல்லாமல், காமிராவோடு கடைக்குப் போனேன்.

அவள் பள்ளிச் சட்டை ஒன்றுக்குக் காலர் வைத்துக்கொண்டிருந்தாள். என்னைப் பார்த்ததும் மிஷினை நிறுத்திவிட்டாள்.

"சார், அவங்க ரெண்டு பேரும் ஜாமீன்ல வந்துட்டாங்க. அடுத்த மாசம் நான் சாட்சி சொல்லணும். என் மூஞ்சி வெளில தெரியக் கூடாது சார்."

"உன் மூஞ்சியே தெரியாதும்மா. அதுக்கு நான் பொறுப்பு."

வாக்கைக் காப்பாற்றினேன். முகத்தை மங்கலாக்கித்தான் அவள் பேட்டியை இணையத்தில் வெளியிட்டேன். கடை போர்டை மறைக்கச் சொல்லி அவள் கேட்கவில்லை.

எடிட்டர்தான் இழுத்தான். "சார், போர்டுல தெருப் பேரு வரைக்கும் படிக்க முடியுது."

"படிக்கட்டும்பா. அப்பதான் நம்புவாங்க."

லட்சக்கணக்கானவர்கள் பார்த்தார்கள். அதில் இரண்டு பேர் நான்காம் நாள் மத்தியானம் அவள் கடைக்குப் போனார்கள். மிச்சத்தை நீங்களே எழுதி வைத்திருக்கிறீர்கள்.

யார் காரணம் என்று பத்திரிகைக்காரர்கள் கேட்டபோது, சமுதாயம் என்றேன். கைதட்டினார்கள். நீங்கள் கைதட்டுகிற ஆளாகத் தெரியவில்லை, அதனால் உள்ளதைச் சொல்கிறேன். அந்த அண்ணன்மார் பார்ப்பார்கள் என்று தெரியும். பார்த்தால் போவார்கள் என்றும் தெரியும். தெரிந்துதான் போர்டை விட்டுவைத்தேன். படம் மூன்றாவது வாரத்தைத் தொட்டது.

சாவு வீட்டுக்கு மாலையோடு போனேன். லைட்மேன் என் முகத்தைப் பார்க்கவில்லை. "நீங்க கெளம்புங்க சார்" என்று மட்டும் சொன்னான். இருந்தாலும் மாலையைப் போட்டுவிட்டு, அவள் கால்மாட்டில் நின்று அழுதேன். அந்த அழுகை நடிப்பு என்று இப்போது எழுதுகிறார்கள். மற்ற எதையும்விட அதுதான் என்னை அறுக்கிறது. முதல் தடவை காமிராமேன் ஃபோகஸை விட்டுவிட்டான். வெளியே போய், மாலையோடு திரும்ப வந்து, மறுபடி எடுத்தபோதும் நான் நிஜமாகத்தான் அழுதேன்.