வரியில்லாத ஊர்

— இன்னும் ஒரு மணி நேரம்தான் நிப்பேங்கறார் டிரைவர். அதுக்குள்ள சொல்லியாகணும்க்கா. மெஷினை இங்க இறக்கறதா, இல்ல அப்படியே அந்த ஊருக்கு அனுப்பறதா.

— இங்கதான்னு மூணு மாசமா சொல்லிட்டிருக்கேன். தளம் போட்டாச்சு, கரண்ட் இழுத்தாச்சு, எலக்ட்ரீஷியன் காலைலேர்ந்து கையைக் கட்டிட்டு நிக்கறார். நீ எதுக்குடா கேட்டைச் சாத்தி வச்சிருக்கே?

— சாத்தலக்கா. கொஞ்சம் பொறுங்கன்னுதான் சொன்னேன்.

— ரோட்டை அடைச்சிட்டு லாரி நிக்குது. மேல பன்னெண்டு டன் மெஷின். கிரேனுக்கு மணிக்கணக்குல வாடகை. இதுல பொறுக்கறதுக்கு என்ன இருக்கு? அங்க பாரு, நம்ம ஆளுங்க மொத்தப் பேரும் வேலையை விட்டுட்டு ஜன்னல்ல தொங்கறாங்க.

— அதனாலதான் ஆடிட்டர் மேடத்தை வரச் சொன்னேன். நான் சொன்னா நீ கேக்க மாட்டே, அவங்க வாயால கேளு. மேடம், அந்த நாற்காலி ஆடும், இதுல உக்காருங்க.

— பரவாயில்ல சார். ஃபைலைக் குடுங்க. மத்தியானம் நான் இன்னொரு கம்பெனிக்குப் போகணும்.

— நல்ல நேரத்துல வந்தீங்க ஆடிட்டரம்மா. உங்களுக்கே தெரியும். பதினோரு வருஷமா உள்ள பாட்டில் மூடி அடிக்கறது நான், இங்க பேப்பரும் பேங்கும் பாக்கறது என் தம்பி. பாதி அவனுது, பாதி என்னுது. ஒரு நாள் அவன் வேலைல நான் கை வச்சதில்ல, என் வேலைல அவன் வச்சதில்ல. இன்னைக்கு என் மெஷினை நடுரோட்டுல நிறுத்திட்டான்.

— என் மெஷின், உன் மெஷின்னு ஏன்க்கா பேசறே? சிம்பிளா சொல்றேன் கேளு. அந்த ஊர்ல புதுசா தொழிற்பேட்டை போட்டிருக்காங்க. அங்க போய்ப் புதுக் கம்பெனி ஆரம்பிச்சா அஞ்சு வருஷத்துக்கு லாபத்துல ஒரு பைசா வரி கிடையாது. இங்க நூறு சம்பாதிச்சா இருபத்தஞ்சை எடுத்து வச்சிடறோம். அங்க நூறும் நமக்கு. இதுக்கு மேல என்ன வேணும்?

— ஒரு நிமிஷம் சார். நூறு சம்பாதிச்சா இல்ல. நூறு மிச்சம் இருந்தா.

— அதைத்தானே மேடம் சொல்றேன்.

— ரெண்டும் வேற. நூறுக்கு மூடி விக்கறீங்க. பிளாஸ்டிக், கரண்ட், சம்பளம், கடனுக்கு வட்டி எல்லாம் போக எட்டோ பத்தோ நிக்கும். கம்பெனி வரி கட்டறது அந்த எட்டுக்குத்தான். ஒண்ணுமே நிக்கலன்னா எந்த ஊரா இருந்தாலும் வரி இல்ல.

— ஆங், அங்க வாங்க. டேய், முதல் வருஷம் உனக்கு அங்க என்ன நிக்கும்?

— முதல் வருஷம் கஷ்டம்தான். ரெண்டாவது வருஷத்துலேர்ந்து லாபம். ஃபைல்ல போட்டிருக்கேன், மூணாவது பக்கம்.

— பார்த்தேன். ரெண்டாவது வருஷம் பதினெட்டு லட்சம் லாபம்னு இருக்கு. இந்தக் கணக்கு யார் போட்டது சார்?

— நான்தான்.

— எதை வச்சு?

— ஒரு... உத்தேசமாத்தான் மேடம்.

— உத்தேசமா! நான் கேக்கறேன், பதில் சொல்லு. அங்க ஷெட்டுக்குக் கூரை போட்டாச்சா?

— தூண் நிக்குது.

— கூரை?

— அடுத்த மாசம்.

— அடுத்த மாசம் கூரை, அதுக்கப்புறம் தளம், அதுக்கப்புறம் கரண்டுக்கு எழுதிப் போடணும். அதுவரைக்கும் மெஷின் தார்ப்பாய்க்கு அடியில மழையில நிக்கும். சரி, நின்னு, ஓட ஆரம்பிச்சிடுச்சுன்னே வையி. யார் ஓட்டுவா? இங்க ஒரு ஆளுக்கு அச்சு மாத்தக் கத்துக் குடுக்க எனக்கு ஒரு வருஷம் ஆச்சு. ஒரு மூடி கோணலா வந்தா மருந்துக் கம்பெனிக்காரன் பத்தாயிரம் மூடியைத் திருப்பி அனுப்புவான். மறந்துட்டியா? நாம ஆரம்பிச்ச புதுசுல லாபம்னு ஒண்ணைக் கண்ணால பாக்க எத்தனை வருஷம் ஆச்சு?

— அது அப்பக்கா. அப்ப நமக்கு ஒண்ணும் தெரியாது.

— எத்தனை வருஷம்?

— நாலு.

— நாலு. ஆடிட்டரம்மா, இவனுக்கு அஞ்சு வருஷம் வரி கிடையாதுங்கறாங்களே, அந்த அஞ்சு வருஷம் என்னைக்கு ஆரம்பிக்குது? லாபம் வர ஆரம்பிச்ச நாள்லேர்ந்தா?

— இல்ல. கம்பெனியைப் பதிவு பண்ணின நாள்லேர்ந்து.

— அப்ப முதல் நாலு வருஷம் நஷ்டத்துல போனா?

— அந்த நாலு வருஷ விலக்கு வீண்தான். வரியே வராத வருஷத்துல வரி வேண்டாங்கறாங்க.

— வழுக்கைத் தலைக்காரனுக்கு இலவசமா முடி வெட்டறேன்னு போர்டு வச்ச கதையால்ல இருக்கு!

— சிரிக்காதக்கா. நஷ்டம் வந்தா அதை அடுத்த வருஷத்துக்குத் தூக்கிட்டுப் போகலாம். அப்பறம் லாபம் வரப்ப கழிச்சுக்கலாம். நானும் படிச்சிட்டுத்தான் பேசறேன்.

— கழிச்சுக்கலாம் சார். ஆனா வரி இல்லாத வருஷத்து லாபத்துல கழிச்சா உங்களுக்கு என்ன மிச்சம்? இங்க வர்ற லாபத்துலயும் கழிக்க முடியாது. அது வேற கம்பெனி, இது வேற கம்பெனி.

— கேட்டியா? மேல சொல்லுங்க ஆடிட்டரம்மா. மெஷின் இங்க இறங்கினா?

— இங்க இந்த வருஷம் அறுபது லட்சம் லாபம் நிக்குது. பதினஞ்சு லட்சம் வரி. மெஷின் எண்பது லட்சம். மெஷின் தேயும் இல்லையா, அந்தத் தேய்மானத்தைச் செலவா எழுதிக்க விடறாங்க. புது மெஷின்னா முதல் வருஷமே பாதியை எழுதலாம். நாப்பது லட்சம் போயிடும். மிச்சம் இருபதுக்குத்தான் வரி. பதினஞ்சு கட்ட வேண்டிய இடத்துல அஞ்சு கட்டினாப் போதும்.

— பத்து லட்சம் கையில நிக்கும்.

— நிக்கும். ஆனா இனாம்னு நினைச்சுக்காதீங்க மேடம். இந்த வருஷம் எழுதிட்டா அதையே வர்ற வருஷங்கள்ல திரும்ப எழுத முடியாது. வரி ஓடிப்போகல, தள்ளிப் போகுது.

— தள்ளிப் போகட்டுமே! இன்னைக்குப் பத்து லட்சம் இருந்தா அகல வாய் மூடிக்கு அச்சு வாங்குவேன். அந்தப் பெயிண்ட் கம்பெனிக்காரங்க ஒரு வருஷமாக் கேட்டுட்டிருக்காங்க. பேங்க்ல போய் வட்டிக்கு நிக்கவேண்டாம். அந்த அச்சு சம்பாதிச்சு அந்த வரியைக் கட்டிடும்.

— அதுக்குத்தான் இந்தச் சலுகையே. ஆனா ஒண்ணு. மெஷின் வந்து இறங்கினா மட்டும் பத்தாது. வருஷம் முடியறதுக்குள்ள ஓடணும். இன்னும் பன்னெண்டு நாள் இருக்கு. அங்க கூரையே இல்லைங்கறீங்க.

— முடிஞ்சுது. கிரேனைக் கூப்பிடறேன்.

— அக்கா, இரு! இரு. போன் வருது. டிரைவர்தான்... சொல்லுங்கண்ணே... தெரியும்ணே, போலீஸ் வந்தா நான் பேசிக்கறேன்... இதோ, பத்தே நிமிஷம்... அக்கா, ஒரு வருஷ வரியை மட்டும் பாக்காதே. அங்க நிலம் மலிவு. ஆளுங்க கூலி கம்மி. பத்து வருஷம் கழிச்சுப் பார்த்தா—

— பத்து வருஷம் கழிச்சுப் பாக்கறவன் ஏன்டா பத்து நிமிஷமா ஒரு இடத்துல உக்காராம இந்த ரூமை அளந்துட்டிருக்கே? உக்காரு. தலை சுத்துது எனக்கு.

— உக்காரத் தோணல.

— சரி, அவசரப்படாம போலாம். அடுத்த வருஷம், அதுக்கடுத்த வருஷம், இங்க அச்சு வாங்கி, பெயிண்ட் கம்பெனி ஆர்டரைப் பிடிச்சு, தெம்பா நின்னப்பறம் அங்க கம்பெனி பதிவு பண்ணு. விலக்கு அப்பவும் இருக்கும்ல ஆடிட்டரம்மா?

— ஒரு நிமிஷம். பதிவு ஏற்கனவே ஆயிடுச்சே. சர்டிபிகேட் ஃபைல்ல இருக்கு. உங்களுக்குத் தெரியாதா மேடம்?

— என்னது?

— நாலு மாசம் முந்தின தேதி. சார் பேர்ல.

— டேய்.

— சொல்லணும்னுதான்க்கா இருந்தேன்.

— நாலு மாசமா? தினம் காலைல என்கூட ஒரே டம்ளர் காபியைப் பாதி பாதியா ஊத்திக் குடிக்கறே. நாலு மாசமா வாயில என்ன வச்சிருந்தே?

— அதில்லக்கா...

— நான் கொஞ்சம் வெளிய நிக்கட்டுமா மேடம்?

— வேண்டாம், இருங்க. நீங்க போனா இவன் மறுபடி வரி, விலக்குன்னு ஆரம்பிப்பான். இன்னும் அந்த ஃபைல்ல எனக்குத் தெரியாம என்ன இருக்கு, அதையும் படிங்க.

— பேப்பர்ல இருக்கறதைத்தான் நான் சொல்ல முடியும். புதுக் கம்பெனி செலவுன்னு சில பில் வச்சிருக்கார். வேலிக் கம்பி. போர்வெல். சிமெண்ட். சார், இந்த வாடகை ரசீது என்ன? ரெண்டு ரூம் வீடு, மாடி. இது ஆபீஸா?

— ஆமா... தங்கறதுக்கும்தான்.

— தொழிற்பேட்டையிலேர்ந்து எவ்வளவு தூரம்?

— ஒரு பதினாலு கிலோமீட்டர்.

— ஆபீஸைப் பதினாலு கிலோமீட்டர் தள்ளியா வைப்பீங்க? சரி. இது ஒரு மேசை பில். 'படிக்கும் மேசை, சின்ன அளவு'. கூடவே ஒரு சுவர் விளக்கு, நட்சத்திரம் போட்டது. சார், கம்பெனிக்காகப் பண்ணினதுதான் கம்பெனி செலவு. சொந்த விஷயத்துக்கு வாங்கினதை நான் உள்ள சேர்க்க முடியாது. யாராவது கேட்டா நான்தான் பதில் சொல்லணும்.

— அதை எடுத்துடுங்க மேடம். தெரியாம வச்சிட்டேன்.

— யாருக்குடா சின்ன மேசை?

— அந்தப் பில்லைக் குடுங்க மேடம்.

— உன்னைத்தான் கேக்கறேன்.

— பாப்பாவுக்கு.

— பாப்பாவுக்கு அங்க எதுக்குடா மேசை? உன் பொண்டாட்டிக்கு அந்த ஊர் ஆஸ்பத்திரியில ஆறு மாசம்தான் வேலை, அது முடிஞ்சதும் ரெண்டு பேரும் வந்துடுவாங்கன்னுதானே சொன்னே?

— வர மாட்டாக்கா. வேலை நிரந்தரமாயிடுச்சு. பாப்பாவை அங்கயே ஸ்கூல்ல சேர்த்துட்டா. நாலாம் கிளாஸ்.

— எப்ப?

— நாலு மாசம் ஆச்சு.

— சண்டையா?

— சண்டைன்னு இல்ல. அவ கேட்டதெல்லாம் ஒண்ணுதான், 'பதினோரு வருஷத்துல ஒரு நாளாவது வெளிச்சத்துல வீட்டுக்கு வந்திருக்கியா'ன்னா. நான் அங்க வந்துடறேன்னு சொன்னேன். அதுக்கு அவ, இருக்கற தொழிலை விட்டுட்டு வந்து என் சம்பளத்துல உக்காராதே, அப்பறம் ஆயுசு பூரா அதையே சொல்லிக் காட்டுவே, உன் வேலையோட வர்றதுன்னா வான்னா. அதான்... வேலையையே அங்க கொண்டு போயிடலாம்னு.

— அதுக்கு வரி, விலக்கு, தொழிற்பேட்டையா?

— உன்கிட்ட வேற எப்படிக்கா சொல்றது? உன்னைத் தனியா விட்டுட்டுப் போறேன்னு சொல்லச் சொல்றியா? லாபம்னு சொன்னா நீ காது குடுப்பே. ஆடிட்டர் மேடம் சரின்னுட்டா நீயே போடான்னு சொல்லிடுவேன்னு பார்த்தேன். நிஜமாவே லாபம் வரும்னு நானும் நம்ப ஆரம்பிச்சிட்டேன். ராத்திரி எல்லாம் உக்காந்து அந்த மூணாவது பக்கத்தை எழுதினேன். பதினெட்டு வர்ற வரைக்கும் மாத்தி மாத்தி எழுதினேன்.

— மடையா.

— போன் அடிக்குது. மறுபடி டிரைவர்.

— குடு இங்க. நான் பேசறேன்... ஹலோ, அண்ணே, நான் அவன் அக்கா பேசறேன்... ஆமா, நிக்க வச்சது தப்புதான், மன்னிச்சுக்குங்க... இல்ல, மெஷின் அந்த ஊருக்குப் போகல. இங்கயே இறக்கிடுங்க. பின்பக்க கேட்டுக்கு வாங்க, அங்க வளைவு பெருசு. கிரேன் ரெடியா நிக்குது... ஆங்? ஓஹோ... எப்படியும் அந்த ஊருக்குத்தான் போறீங்களா, சிமெண்ட் ஏத்த... சரி, சரி. இறக்கிட்டுப் பேசறேன்.

— புரிஞ்சுதுக்கா. நீ பண்ணினதுதான் சரி. நான் போய் கேட்டைத் திறக்கறேன்.

— நில்லு. ஆடிட்டரம்மா, மூடி வாங்கற கம்பெனிங்க அந்தப் பக்கம் நிறைய இருக்கில்ல?

— இருக்கு. ரெண்டு மருந்துக் கம்பெனி எனக்கே தெரியும். வெளியூர்லேர்ந்து வரவழைக்கறாங்க.

— அங்க உக்காந்து நம்ம மூடியை வித்துக் குடுக்க ஒரு ஆள் போட்டா, அவன் சம்பளம் கம்பெனி செலவுதானே?

— சந்தேகமே இல்லாம. வீட்டு வாடகைதான் வராது.

— வாடகையை அவனே கட்டட்டும், மேசைக்கும் அவனே கட்டட்டும். டேய், என்ன அங்கயே நின்னுட்டிருக்கே? மெஷினை இறக்கினப்பறம் அந்த லாரி காலியாத்தான் போகுது. போய் டிரைவர் பக்கத்துல ஏறி உக்காரு, பாப்பா ஸ்கூல் விடறதுக்குள்ள போய்ச் சேரு.