காதைத் தொட்ட வயசு

இல்லம்மா, அதைப் பொய்யின்னு மட்டும் சொல்லாதீங்க. பொய் வேற, பதிவேடு வேற. முதல்ல உக்காருங்க, வந்ததுல இருந்து நின்னுக்கிட்டே இருக்கீங்க. அந்த சேர் வேணாம், ஒரு கால் ஆடும். இதுல உக்காருங்க. பையன் தரப்பு வக்கீல் வர்றாங்கன்னு சொன்னதும் தலை நரைச்சவரா யாரோ வரப்போறார்னு நினைச்சேன். நீங்க என்கிட்ட ஒண்ணாங்கிளாஸ் படிச்சுட்டுப் போன பிள்ளைங்க வயசுதான் இருப்பீங்க. முப்பத்தொரு வருஷமா ஒண்ணாங்கிளாஸ்தான் எடுக்கறேன். மேல் வகுப்பு குடுத்தாங்க, நான்தான் வேணாம்னுட்டேன்.

சரி, நீங்க கேட்டதுக்கே வர்றேன். சேர்க்கைப் பதிவேட்டுல இருக்கறது என் கையெழுத்துதான். பிறந்த தேதியும் நான் எழுதினதுதான். பள்ளிக்கூடம் திறக்கற மாசம், முதல் தேதி. அதுக்கு மேல் வரியைப் பாத்தீங்களா? அதுலயும் முதல் தேதி. பக்கத்தைப் புரட்டினா இன்னும் பத்துப் பேர் இருப்பாங்க. அந்த வருஷம் மட்டும் எங்க பள்ளிக்கூடத்துல இருபத்திரண்டு பேருக்கு ஒரே நாள்ல பிறந்தநாள்.

வேற என்ன எழுதறது, சொல்லுங்க. கையில ஒரு காகிதம் இல்லாம வர்றாங்க. எப்போ பொறந்தான்னு கேட்டா, மழை வந்து வீட்டுக்குள்ள தண்ணி நின்னுச்சே அப்பம்பாங்க. இல்லன்னா, பெரியவன் விழுந்து கையை ஒடிச்சுக்கிட்ட வருஷம்பாங்க. அதை வெச்சு நான் கட்டத்தை நிரப்ப முடியுமா? அஞ்சு முடிஞ்சிருக்கணும்னு விதி. அதனால திறக்கற அன்னிக்கே எல்லாருக்கும் அஞ்சு முடிச்சு வெச்சுடுவோம். எனக்கு முன்னாடி இருந்தவங்க அப்படித்தான் செஞ்சாங்க, நானும் செஞ்சேன். இத்தனை வருஷத்துல ஒருத்தரும் ஏன்னு கேட்டது கிடையாது.

அஞ்சு ஆச்சான்னு எப்படித் தெரியும்னா, கை இருக்கே. வலது கையைத் தலைக்கு மேல போட்டு இடது காதைத் தொடச் சொல்வோம். விரல் காதைத் தொட்டுட்டா உள்ள, தொடலைன்னா அடுத்த வருஷம். சின்னதுங்களுக்குத் தலை பெருசு, கை குட்டை, எட்டாது. சிரிக்காதீங்கம்மா. உங்க டாக்டருங்க அவனுக்கு எக்ஸ்ரே எடுத்தாங்களே, என்ன எழுதிக் குடுத்தாங்க? பதினேழுல இருந்து பத்தொம்பதுக்குள்ள. அவ்வளவு பெரிய மெஷினே முன்னப்பின்னதான் சொல்லுது. காது எவ்வளவோ தேவலை.

புரியுதும்மா, நல்லாவே புரியுது. பதிவேட்டுப்படி சம்பவத்தன்னிக்கு அவனுக்குப் பதினெட்டு முடிஞ்சு இருபது நாள். இருபத்தோரு நாள் குறைஞ்சிருந்தா சின்னப் பசங்களை வெக்கற இல்லத்துக்குப் போயிருப்பான். இப்போ பெரியவங்க ஜெயில், பெரியவங்க தண்டனை. நாளைக்குக் காலையில ஜட்ஜ் முடிவு பண்ணப் போறார். எக்ஸ்ரே நடுவுல நிக்குது, அதனால பதிவேடு சொல்றதுதான் செல்லும். அதை எழுதினவளே வந்து, இது நானா போட்ட தேதி, நிஜ வயசு இது இல்லைன்னு சொன்னாத்தான் உண்டு. அதுக்குத்தானே நான் கையெழுத்து போடணும்னு அந்தக் காகிதத்தை மடியிலயே வெச்சிருக்கீங்க.

அவனை எனக்கு ஞாபகம் இருக்கான்னா கேக்கறீங்க? நெட்டையன்னுதான் கூப்பிடுவோம். வயசுக்கு மீறின உயரம். அந்த உயரம்தான் அவனைக் கெடுத்துச்சு. பஸ்ல ஏறினா அவங்கம்மா டிக்கெட்டுக்குப் பயந்து மூணு வயசும்பா. அதே பஸ்ஸை விட்டு இறங்கிப் பள்ளிக்கூட வாசலுக்கு வந்தா அஞ்சு. பாவம், அவனுக்கே குழப்பம். உனக்கு என்ன வயசுடான்னு ஒருநாள் கேட்டேன். யார் கேக்கறதுன்னு திருப்பிக் கேட்டான். நாங்க டீச்சருங்க எல்லாம் அதைச் சொல்லிச் சொல்லிச் சிரிச்சோம்.

முதல் மாசம் பூரா டிராயர்லயே போயிடுவான். பதினோரு மணி ஆச்சுன்னா பெஞ்சுல சாஞ்சு தூங்கிடுவான், எச்சில் வழியும். எழுப்பினா அம்மா இடுப்பைத் தேடற மாதிரி கையை நீட்டுவான். நான் அடிச்சிருக்கேன்மா. அஞ்சு வயசுப் பையன் பண்ற வேலையாடா இதுன்னு கேட்டு ஸ்கேலால அடிச்சிருக்கேன். நான் போட்ட அஞ்சு அது. என் கையால எழுதிட்டு, ரெண்டு மாசத்துல நானே அதை நம்பிட்டேன். எழுதினது கண்ணு முன்னாடி இருக்கும்போது பிள்ளையை யாரு பாக்கறா?

அப்புறம் அவனுக்கு மந்தம்னு பேர் வந்துடுச்சு. ஒரு வகுப்பு டீச்சர் அடுத்த வகுப்பு டீச்சருக்குச் சொல்லி அனுப்புவாங்க, இவன் மந்தம், ஓரமா உக்கார வெச்சுடுங்கன்னு. மந்தமெல்லாம் இல்லை. கூட இருந்ததுங்க எல்லாம் ஒண்ணரை வருஷம் பெரிசு. இவன் ஓடி ஓடி அதுங்க பின்னாடியே வந்தான். ஒன்பதாவதுல ஃபெயில். போதும்னு அவங்கம்மா நிறுத்திட்டா. கோடவுன்ல மூட்டை ஏத்தற வேலைக்குச் சேத்துவிட்டா. அங்க வயசுச் சான்று கேட்டாங்க. பதினாலு முடிஞ்சிருந்தாத்தான் எடுப்பாங்களாம், சட்டத்துக்குப் பயந்த முதலாளி. பள்ளிக்கூட ஆபீஸ்ல எழுதி வாங்கிக் குடுத்தது நான்தான். பதினாலு முடிஞ்சிருச்சுன்னு அதுல இருந்துச்சு.

அவனுக்கு அன்னிக்குப் பன்னண்டரைம்மா.

ஆமா, சொல்லிட்டேன். இதைக் கேக்கத்தானே வந்தீங்க. எழுத வேணாம், பேனாவை மூடுங்க. முதல்ல கேளுங்க.

நாலு வருஷம் மூட்டை தூக்கினான். அங்க இருந்த சூப்பர்வைசர் அவனை எப்பவும் அடிப்பாராம். மத்த ஆளுங்களும் பாத்துக்கிட்டு நிப்பாங்களாம், தடிமாடு மாதிரி வளந்திருக்கான், ரெண்டு வாங்கினா என்னன்னு. சம்பவத்தன்னிக்கு மூட்டை ஏத்தற மேடை ஓரத்துல வெச்சு அறைஞ்சார், இவன் தள்ளிவிட்டான். லாரி நிக்கற பள்ளத்துல பின்பக்கமா விழுந்து தலை அடிபட்டுப் போயிட்டார். அந்த மனுஷனுக்கும் வீட்ல பிள்ளைங்க இருக்காம், அதையும் நான் மறக்கலை. இவன் என்ன பண்ணான் தெரியுமா? ஓடலை. போலீஸ் வர்ற வரைக்கும் அங்கேயே உக்காந்து, அம்மாவைக் கூப்பிடுங்க, அம்மாவைக் கூப்பிடுங்கன்னு அழுதானாம். அதை யாரும் எதுலயும் எழுதிக்கலை. கொலைகாரன் நடிக்கிறான்னு பேசிக்கிட்டாங்க.

அவங்கம்மா சொல்லலாமேன்னா, சொன்னாளே. அதுதான்மா வயித்தெரிச்சல். ஸ்டேஷன்ல உங்க பையன் எப்போ பொறந்தான்னு கேட்டிருக்காங்க. தேதி, மாசம், வருஷம் மூணையும் தட்டுத்தடங்கல் இல்லாம ஒப்பிச்சிருக்கா. முதல் தேதி. நான் சொல்லிக் குடுத்தது. சேர்த்த அன்னிக்கே அவளை உக்கார வெச்சு, யாரு கேட்டாலும் இதைத்தான் சொல்லணும், மாத்திச் சொன்னா பையனை வெளிய அனுப்பிடுவாங்கன்னு பத்துத் தடவை சொல்ல வெச்சேன். எழுதப் படிக்கத் தெரியாதவ. பதிமூணு வருஷமா அந்தத் தேதியை வாயிலேயே வெச்சுக்கிட்டிருக்கா. ஊசி போடற இடத்துல சொல்லுவா, கோடவுன் வாசல்ல சொல்லுவா. எங்கேயும் அது அவளைக் கைவிட்டதில்லை. போலீஸ் கேட்டதும் நல்ல பிள்ளையாட்டம் சொல்லிட்டு, கீழ கைநாட்டும் வெச்சுட்டு வந்துட்டா.

இன்னும் அவளுக்குப் புரியலை. நேத்துகூட வந்தா, பாத்திரமெல்லாம் தேச்சுப் போட்டா, தரையைத் துடைச்சா. போகும்போது கதவுகிட்ட நின்னு, டீச்சர், பதிவேடு சரியாத்தானே இருக்கும்னு கேட்டா. அது சரியா இருந்தா பையனை விட்டுடுவாங்கன்னு நினைச்சுக்கிட்டிருக்கா. நான் சரியாத்தான் இருக்கும்னேன். அவ சிரிச்ச முகமா போனாம்மா.

ஆமா, எங்க வீட்லதான் வேலை செய்யறா. சொல்லலையா? பதினாறு வருஷமா.

அது எப்படி இவ்வளவு கரெக்டா பன்னண்டரைன்னு தெரியும்னு கேக்கறீங்க. வக்கீல் மூளை. அன்னிக்கு என் முன்னாடி வந்து காதைத் தொட்டப்போ அவனுக்கு மூணரை வயசும் நாலு நாளும். தொட்டான்னு கூடச் சொல்ல முடியாது. விரல் உச்சந்தலையைத் தாண்டலை. நான்தான் தலையைப் பிடிச்சு லேசா சாய்ச்சேன். கையைக் கொஞ்சம் இழுத்துவிட்டேன். வலிக்குதுன்னான். தொட்டுட்டான்னு பக்கத்துல இருந்த டீச்சர்கிட்ட சொன்னேன்.

பிள்ளைங்க மேல இரக்கம்னு நினைச்சீங்க, இல்லையா? தலைமை ஆசிரியரும் அப்படித்தான் நினைச்சார். ஏழைப் பிள்ளை, அம்மா வேலைக்குப் போயிட்டா வீட்ல தனியா கெடக்கும், நம்ம கண்ணு முன்னாடி இருக்கட்டும்னு டீச்சர் நினைக்கறாங்கன்னு கூட்டத்துல எழுந்து நின்னு பாராட்டினார். கைதட்டினாங்க. நானும் தலையைக் குனிஞ்சுக்கிட்டு உக்காந்திருந்தேன்.

எனக்குக் கல்யாணமாகிப் பதினஞ்சு வருஷம் குழந்தை இல்லைம்மா. போகாத ஆஸ்பத்திரி இல்லை. நாப்பது தாண்டினப்புறம் ஒண்ணே ஒண்ணு பொறந்தது, பொண்ணு. வார்டுல அடுத்த கட்டில்ல இவ. எனக்கு விடியக்காலையில, இவளுக்கு அன்னிக்கு மத்தியானம். நாலாவது பிரசவம் அவளுக்கு. மறுநாளே எழுந்து என் துணியையும் சேத்துத் துவைச்சுப் போட்டா. எனக்குப் பாலில்லைன்னு என் பொண்ணுக்கும் ரெண்டு நாள் இவதான் குடுத்தா. அப்படியே எங்க வீட்டுக்கு வேலைக்குக் கூட்டிட்டு வந்துட்டேன்.

நான் பள்ளிக்கூடம் போனா அவதான் என் பொண்ணைப் பாத்துக்கணும். ஆனா அவ பையனும் கூடவே வருவான். மூணு வயசுல ஒரு ஆண்பிள்ளை வீட்ல இருந்தா எப்படி இருக்கும்? ஓடுவான், கொட்டுவான். என் பொண்ணைத் தூக்கினா இவனும் தூக்குன்னு அழுவான். ஒருநாள் என் பொண்ணு சுவத்துல இடிச்சு நெத்தி வீங்கிப்போச்சு. அவன் தள்ளினானா, அவளா விழுந்தாளா தெரியாது. எனக்கு உயிரே போயிடுச்சு. அவளோட ரெண்டு கையும் என் பொண்ணுக்கு மட்டும் வேணும்னு தோணிடுச்சு. வேற ஆள் தேடியிருக்கலாம். இவ மாதிரி கெடைக்க மாட்டா. அவனை எங்கயாவது அனுப்பணும், எனக்குத் தெரிஞ்ச இடம் என் வகுப்பு ஒண்ணுதான். அதுக்காக அவனை அஞ்சு வயசாக்கினேன்.

அவ கையெடுத்துக் கும்பிட்டாம்மா, என் பையனுக்குப் படிப்பு குடுத்தீங்கன்னு.

இல்லை. கையெழுத்து போட மாட்டேன். கோபப்படாதீங்க. ரிட்டயராக இன்னும் பதினோரு மாசம் இருக்கு, பென்ஷனை நிறுத்திடுவாங்கன்னு பயம்தான், இல்லைன்னு சொல்லலை. ஆனா அது மட்டும் இல்லை. கூண்டுல ஏத்தி, வயசு தப்புன்னு உங்களுக்கு எப்படித் தெரியும்பாங்க. தெரிஞ்சே ஏன் எழுதினீங்கம்பாங்க. அவ அங்க உக்காந்து கேட்டுக்கிட்டிருப்பா. என் பொண்ணும் கேக்கும். அது அவளைச் சின்னம்மான்னுதான் கூப்பிடுது. உங்ககிட்ட சொன்னதெல்லாம் உங்களோட இருக்கட்டும். நாளைக்கு ஜட்ஜ் ஆள் அனுப்பிக் கேட்டா பதிவேடு சரின்னுதான் சொல்லுவேன். போலீசுக்குப் போன வாரமே எழுதிக் குடுத்துட்டேன்.

மணி என்னம்மா ஆச்சு? ஆறா? நீங்க தப்பா எடுத்துக்காதீங்க, நான் கிளம்பணும். பொண்ணுக்கு டியூஷன் விட்டிருக்கும். ரெண்டு தெருதான், ஆனா நடுவுல மெயின் ரோட்டைத் தாண்டணும். இதுவரைக்கும் தனியா விட்டதில்லை, நானே போய்க் கையைப் பிடிச்சுக் கூட்டிட்டு வந்துடுவேன். பதினாறரையெல்லாம் ஒரு வயசா? குழந்தைம்மா அவ.