அரஃபாத்தில் என் தம்பி செய்த சத்தியம்

மக்கா நகர நீதிமன்றம், ஹிஜ்ரி 1281, ஸஃபர் பிறை 14, செவ்வாய்க்கிழமை நண்பகல் லுஹர் தொழுகைக்குப் பிறகு, காஜி அவர்கள் முன்னிலையில் எழுத்தரால் எழுதப்பட்டது.

என் பெயர் ரைஹானா. தகப்பனார் பெயர் மர்ஸூக். வயது நாற்பத்து நான்கு. கணவர் ஜித்தா துறைமுகத்தில் சரக்கு இறக்கும் வேலை செய்து இறந்துபோனார். அதன் பிறகு மிஸ்ஃபலா பகுதியில், ஹாஜிகளுக்கு வழிகாட்டும் வேலை செய்யும் என் தம்பி உவைஸுடன் வசித்து வருகிறேன். வருகிற ஹாஜிகளை மாடி அறைகளில் தங்கவைத்து, அவர்களுக்குச் சமைத்துப் போடுவது என் வேலை. என்னை யாரும் அழைத்து வரவில்லை. நானே வந்தேன்.

இரண்டு வருடங்களுக்கு முன் ஷவ்வால் மாதத்தில் உவைஸ் ஜித்தாவிலிருந்து ஒருவரை அழைத்து வந்தான். கந்தஹாரைச் சேர்ந்த வைத்தியர், ஹக்கீம் சுலைமான் என்று அவர் தன்னைச் சொல்லிக்கொண்டார். ஐந்து வேளையும் தொழுதார். தெருவில் கண்ணோய் வந்தவர்களுக்கு மருந்து போட்டார். உவைஸ் அவருடன் ஒரே தட்டில் சாப்பிட்டான்.

துல்கஅதா மாதத்தில் அவருக்குக் கடும் காய்ச்சலும் வயிற்றுப்போக்கும் வந்தது. அப்போது உவைஸ் வேறு ஹாஜிகளை அழைத்துவர ஜித்தா போயிருந்தான். ஒன்பது நாட்கள் நான்தான் பார்த்துக்கொண்டேன். கஞ்சி கொடுத்தேன், அவர் அசுத்தப்படுத்திய துணிகளைத் துவைத்தேன். நான்காம் நாள் அவர் நினைவில்லாமல் பிதற்றினார். அது கந்தஹார் பேச்சு அல்ல. துறைமுகத்தில் பதினோரு வருடம் கப்பல்காரர்கள் பேசி நான் கேட்ட பரங்கிப் பேச்சு. மறுநாள் தெளிந்ததும், "உம்மா, நான் ஏதாச்சும் உளறினேனா?" என்று கேட்டார். "உளறினீங்க. நீங்க எந்த ஊர்னு எனக்குத் தெரிஞ்சுபோச்சு" என்றேன். அவர் என் முக்காட்டின் நுனியைப் பிடித்துக்கொண்டு அழுதார். "நான் மனசார கலிமா சொல்லி முஸ்லிமானவன். எங்க ஊர்ல தெரிஞ்சா வாழ விடமாட்டாங்க. கஅபாவைப் பாத்துட்டுப் போயிடுறேன். உவைஸ் கிட்ட மட்டும் சொல்லிடாதீங்க" என்றார். நான் நம்பினேன். உவைஸ் திரும்பி வந்தபோது அவனிடம் எதுவும் சொல்லவில்லை.

அதன் பிறகு ஒருநாள் காலையில் துணி காயப்போட மொட்டைமாடிக்குப் போனபோது, அவர் நூலால் கைப்பிடிச் சுவரை அளந்து, அதைத் துண்டுக் காகிதத்தில் எழுதி, குர்ஆன் உறைக்குள் சொருகியதைப் பார்த்தேன். கஅபாவைப் பார்க்க வந்தவர் என் வீட்டுச் சுவரை ஏன் அளக்கிறார் என்று அப்போதே கேட்டிருக்க வேண்டும். கேட்கவில்லை.

அதன் பிறகு ஹஜ்ஜுக்குப் போனோம். துல்ஹஜ் ஒன்பதாம் நாள் அரஃபாத் மைதானத்தில், மேற்கே மக்ரிப் நாட்டிலிருந்து வந்த ஹாஜி ஒருவர் ஹக்கீமின் கையைப் பிடித்து இழுத்து, "இந்த ஆளு துணிக்குள்ள காகிதம் ஒளிச்சு வச்சுப் படம் வரையறான். இவன் முஸ்லிம் இல்ல" என்று கத்தினார். நாற்பது ஐம்பது பேர் கூடிவிட்டார்கள். சிலர் கல் எடுத்தார்கள். உவைஸ் நடுவில் புகுந்து நின்றான். "வல்லாஹி, அல்லாஹ் மேல சத்தியம், இவரு என் தட்டுல சாப்பிட்டவரு. இவரு முஸ்லிம் இல்லேன்னா எனக்கு ஈமான் இல்ல. இப்பச் சொல்லுங்க, யாரு மொதக் கல்லு?" என்றான். கூட்டம் கலைந்தது. ஹக்கீம் தலைகுனிந்து நின்றார். மூன்று வாரத்தில் ஊருக்குப் போய்விட்டார்.

போன ஹஜ்ஜுக்கு வந்து இங்கேயே தங்கிவிட்ட பம்பாய் வியாபாரி ஹாஜி நூர்தீன், அந்த ஆள் பரங்கி மொழியில் எழுதி அச்சடித்த புத்தகத்தைக் கொண்டுவந்து, சென்ற வாரம் காப்பிக் கடையில் அரபியில் சொல்லிக் காட்டினார். நான் வாசலுக்கு வெளியே நின்று கேட்டேன். தொழுகையை நாடகக்காரன் பாடம் படிப்பதுபோல் பழகியதாகவும், ஒரு நாளும் மனதில் ஏற்றதில்லை என்றும் எழுதியிருக்கிறான். எங்கள் வீட்டுப் படிகள் எத்தனை, பெண்கள் அறைக்குக் கதவு எந்தப் பக்கம் என்பதுவரை எழுதியிருக்கிறான். காய்ச்சலைத் தன் மருந்தால் தானே தீர்த்துக்கொண்டானாம். என்னைப் பற்றி உள்ளது ஒரே வரி. வீட்டில் ஒரு கிழவி சமைத்தாள் என்று.

உவைஸைப் பற்றி நிறைய இருக்கிறது. தான் யார் என்று உவைஸ் கண்டுபிடித்துவிட்டதாகவும், இருந்தும் நட்புக்காக அரஃபாத்தில் தெரிந்தே பொய்ச் சத்தியம் செய்ததாகவும், அந்த முரட்டு மனிதர்களுக்கு நடுவே தனக்கு ஒரு நண்பன் கிடைத்ததாகவும் எழுதியிருக்கிறான். அது பொய். உவைஸுக்கு ஒன்றும் தெரியாது. படிக்கிறவர்களுக்கு நன்றாக இருக்கட்டும் என்று, எனக்குத் தெரிந்ததை எடுத்து என் தம்பியின் தலையில் வைத்துவிட்டு, அவன் தன் ஊரில் கதவைச் சாத்திக்கொண்டு உட்கார்ந்திருக்கிறான். இங்கே என் தம்பியின் தலைப்பாகையை அவிழ்த்துத் தெருவில் இழுத்துப் போய்ச் சிறையில் ஒப்படைத்தார்கள். இரண்டு பல் போய்விட்டது. இழுத்தவர்களில் மூன்று பேர் அந்த ஹக்கீமிடம் கண்ணுக்கு மருந்து போட்டுக்கொண்டவர்கள். அவர்கள் பெயர்களைத் தனித் தாளில் கொடுத்திருக்கிறேன்.

நேற்று காலை சிறைக்குப் போய் உவைஸுக்கு ரொட்டியை மோரில் ஊறவைத்துக் கொடுத்தேன். அவனால் மெல்ல முடியாது. அவன் சாப்பிடும்போது எல்லாவற்றையும் சொன்னேன். தட்டைக் கீழே வைத்துவிட்டு, "அக்கா, அரஃபாத்துல நான் சத்தியம் பண்ணப்ப நீ எங்க நின்ன?" என்று கேட்டான். "கூடாரத்து வாசல்ல" என்றேன். "நான் சொன்னது காதுல விழுந்துச்சா?" என்றான். விழுந்தது என்றேன். அவன் தட்டை என் பக்கம் தள்ளிவிட்டான். காவலர் நேரம் முடிந்தது என்று சொல்லும்வரை நான் உட்கார்ந்திருந்தேன்.

இதைக் கேட்ட காஜி அவர்கள், உவைஸை இன்று மாலை அஸர் தொழுகைக்குள் விடுவிப்பதாகவும், தெரிந்து மறைத்ததற்காக நான் மக்காவை விட்டு வெளியேறி ஜித்தாவில் இருக்க வேண்டும் என்றும் சொன்னார்கள். எனக்கு ஆட்சேபம் இல்லை. ஆனால் குற்றவாளிகள் பட்டியலில் அந்த ஆளையும் சேர்க்க வேண்டும் என்று கேட்டேன். உண்மையான பெயர் தெரியாமல் எப்படி எழுதுவது என்று எழுத்தர் கேட்டார். "ஒரு பொம்பள கையில ஒன்பது நாள் கஞ்சி குடிச்சவன்னு எழுதுங்க" என்றேன். அப்படியே எழுதப்பட்டது.

கூடாரத்து வாசலில் நான் நின்றதை எழுதாமல் விட்டால் எனக்கு நல்லது என்றும் எழுத்தர் சொன்னார். விட வேண்டாம் என்றேன்.

எழுதியதை எனக்கு முழுவதும் வாசித்துக் காட்டினார்கள். நான் சொன்னதுதான் இதில் இருக்கிறது, அத்தனையும் உண்மை. எழுதத் தெரியாததால் வலது கைப் பெருவிரலில் மை தொட்டு ரேகை வைத்திருக்கிறேன்.

(பெருவிரல் ரேகை) ரைஹானா பின்த் மர்ஸூக்