கொப்பியிலிருந்து கழற்றிய தாள்

அந்தப் பராமரிப்பு இல்லத்தில் தேத்தண்ணீர் நன்றாக இருக்கும், டொக்டர். சமையல் பார்க்கிற சுப்பம்மா அக்கா இஞ்சி தட்டிப் போட்டு, சாயத்தைக் கடுப்பாக இறக்கித் தருவா. நாங்கள் அங்கே போன முதல் நாள், என் கணவரை வான் வண்டியில் இருந்து இறக்கிக் கட்டிலில் கிடத்தி முடிந்ததும், என் கையிலும் ஒரு கோப்பையைத் தந்தா. வேறொருவர் ஊற்றித் தந்த தேத்தண்ணீரைக் குடித்து எனக்கு ஒரு வருடத்துக்கு மேலாகியிருந்தது. நடந்ததை ஒன்றும் விடாமல் எழுதச் சொன்னீர்கள். அதனால் இதையும் எழுதுகிறேன்.

என் பெயர் நேசமலர். கணவர் தில்லைநாதன். கிளிநொச்சியில் குளத்துத் தண்ணீரை நம்பி நெல் விதைக்கிற ஒரு குடியேற்றத் திட்டத்தில் எங்கள் காணி. இரண்டு வருடத்துக்கு முன் பெரும்போக உழவின்போது வாய்க்கால் கட்டில் லாண்ட்மாஸ்டர் உழவு இயந்திரம் புரண்டு அவர் மேல் விழுந்தது. முள்ளந்தண்டு முறிந்தது. இடுப்புக்குக் கீழே உணர்வில்லை. பெரிய ஆஸ்பத்திரியில் மூன்று மாதம் கிடந்தார். முதுகின் அடியில் படுக்கைப் புண் வந்தது. அந்தப் புண்ணில்தான் கிருமி இருப்பதாகக் கண்டுபிடித்தார்கள். அசினெட்டோபாக்டர் என்று பெயர். பெயரை நான் எழுத்துக்கூட்டிப் பாடமாக்கினேன்.

அங்கே இருந்த டொக்டர் நல்ல மனிதர். என்னை இருத்தி வைத்து விளங்கப்படுத்தினார்.

"சுகமா இருக்கிற ஆக்களை இது ஒண்டும் செய்யாது, அம்மா. கிடையில கிடக்கிறவை, புண் உள்ளவை, குழாய் போட்டவை, அவையைத்தான் பாத்துப் பிடிக்கும். வழமையான மருந்துக்குக் கேளாது. கட்டில் கம்பியில கூடக் கன நாள் உயிரோட கிடக்கும்."

"இவருக்கு என்ன நடக்கும்?"

"இப்போதைக்கு ஒண்டுமில்லை. புண்ணில சும்மா இருக்குது. பிறகு ரத்தத்தில ஏறினால் காய்ச்சல் வரும். அதைவிட, பக்கத்தில படுக்கிற ஆக்களுக்குத்தான் பயம்."

கிளினிக் கொப்பியில் ஒரு தாளைக் கிளிப் அடித்துத் தந்தார். அதில் இருபது மருந்துகளின் பெயர்கள் இருந்தன. ஒன்றைத் தவிர எல்லாவற்றுக்கும் எதிரே கேளாது என்ற குறி. "எங்க போனாலும் முதல்ல இதைக் காட்டுங்கோ" என்றார். நானும் காட்டினேன். அதை நீங்கள் கவனிக்கவேண்டும். இரண்டு பராமரிப்பு இல்லங்களில் காட்டினேன். இரண்டு இடத்திலும் தாளை வாசித்ததும் கதிரையைப் பின்னுக்குத் தள்ளிக்கொண்டு எழும்பினார்கள். தனி அறை இல்லை என்றார்கள். அவர்களில் பிழையில்லை.

அதனால் வீட்டிலேயே வைத்துப் பார்த்தேன். இரண்டு மணித்தியாலத்துக்கு ஒருதரம் திருப்பிப் போடவேண்டும். அவர் உயரமான மனிதர். எனக்குத் தோள்மூட்டு விலகியது. வெயில் காலத்தில் புண்ணில் புழு வைத்தது. ஒவ்வொன்றாக எடுத்தேன். அயலில் உள்ளவர்கள் முதலில் வாசல்வரை வந்தார்கள், பிறகு வேலியோடு நின்று கதைத்தார்கள், பிறகு வரவில்லை. ஒரு நாள் அவர் சாப்பாட்டைத் தள்ளி வைத்துவிட்டு, கொட்டிலில் இருக்கிற, வயலில் புல்லுக்கு அடிக்கிற நஞ்சு மருந்துப் போத்தலை எடுத்துத் தரச் சொன்னார்.

"நீ தரவேண்டாம். கைக்கு எட்டுற இடத்தில வைச்சுட்டு கடைக்குப் போயிட்டு வா" என்றார். கோபமில்லாமல், உப்பு வாங்கிவரச் சொல்வதுபோலச் சொன்னார்.

போத்தலைக் கிடங்கு வெட்டி மண்ணுக்குள் தாட்டேன். பிறகு குசினியில் இருந்துகொண்டு, கத்தி நுனியால் கிளிப்பைக் கழற்றி அந்தத் தாளை எடுத்தேன். கொப்பி கிழியவே இல்லை.

தாள் இல்லாத கொப்பியோடு நாங்கள் போன, நெளுக்குளம் தாண்டி உள்ளே இருந்த அந்த இல்லத்தில் பன்னிரண்டு பேர் இருந்தார்கள். எல்லோரும் முள்ளந்தண்டு பாதிக்கப்பட்டவர்கள். அலுவலகத்தில் கொப்பியைப் புரட்டிப் பார்த்துவிட்டு, "வேற ரிப்போட் ஏதும் இருக்கோ?" என்று கேட்டார்கள். இல்லை என்றேன். கொப்பியில் இருக்கவில்லைதானே.

பக்கத்துக் கட்டில் அஜந்தன். சுப்பம்மா அக்காவின் ஒரே மகன். பதினொரு வயதில், போரின் கடைசிச் சண்டையில், முதுகில் ஷெல் துண்டு பட்டது. இப்போது சக்கர நாற்காலியில் இருந்தபடியே ஊருக்கெல்லாம் போன் திருத்திக் கொடுத்தான். அவனோடு இருக்கவேண்டும் என்பதற்காகவே அக்கா அங்கே சமையல் வேலைக்கு வந்தவ. அவனுக்கும் இடுப்பில் ஒரு சிறிய புண் இருந்தது. சிறுநீர் போகிற சலக் குழாயும் இருந்தது.

என் கணவரை மறுபடி சிரிக்க வைத்தவன் அவன்தான். "அண்ணை, கால் மணித்தியாலத்துக்கு ஒருக்காக் கையை ஊண்டி உடம்பைத் தூக்குங்கோ. இல்லாட்டிப் புண் உங்களைத் திண்டுபோடும். நான் எண்ணுறன், நீங்கள் தூக்குங்கோ" என்பான். மூன்றாவது மாதம் இவர் தானாக நாற்காலிக்கு மாறினார். அன்று இருவரும் வாசல் வேம்புவரை போய்விட்டு வந்தார்கள். இவர் அழுதார். அஜந்தன் மற்றப் பக்கம் பார்த்துக்கொண்டிருந்தான். அவ்வளவு மரியாதை தெரிந்த பிள்ளை.

முதல் இரண்டு கிழமையும் நான் ஆஸ்பத்திரியில் சொன்னபடியே நடந்தேன். இவருக்குப் புண் கழுவத் தனிப் பேசின், தனித் துவாய். ஒவ்வொரு தடவையும் கைக்கு மருந்துத் தண்ணீர். ஒரு நாள் தாதி சாரங்கா, "ஏன் அக்கா அண்ணைக்கு மட்டும் வேற பேசின்?" என்று கேட்டாள். சும்மாதான் கேட்டாள். ஆனால் ஒருத்தி கேட்டதை நாளைக்கு இன்னொருவர் கேட்பார். அன்று பின்னேரம் அந்தப் பேசினை மற்றவற்றோடு சேர்த்து அடுக்கிவிட்டேன். கையையும் எல்லோரையும் போலவே கழுவத் தொடங்கினேன்.

சுப்பம்மா அக்கா அடுப்படியில் நிற்கும்போது அஜந்தனின் சலப் பையை நான்தான் ஊற்றுவேன். அவன் செய்த உதவிக்கு நானும் ஏதாவது செய்யவேண்டும் அல்லவா? இவருக்குப் புண் கழுவி முடிந்த கையோடு அவனுடையதையும் முடித்துவிடுவேன்.

வைகாசியில் அஜந்தனுக்குக் காய்ச்சல் வந்தது. கட்டில் சத்தம் போடுகிற அளவுக்கு நடுக்கம். உங்கள் வார்ட்டுக்குக் கொண்டுவந்தோம். அக்காவுக்கு ஆஸ்பத்திரி என்றால் பயம், அதனால் துணைக்கு நானும் வந்தேன். நீங்கள் எங்கள் இருவரையும் கூப்பிட்டுக் கேட்டீர்கள். உங்களுக்கு நினைவிருக்கும்.

"என்ன கிருமியெண்டு தெரிஞ்சால் இண்டைக்கே சரியான மருந்தைத் தொடங்கலாம். சோதினை மறுமொழி வர மூண்டு நாள் செல்லும். இல்லத்தில ஆருக்காவது மருந்துக்குக் கேளாத கிருமி இருந்ததோ? ஆராவது பெரிய ஆஸ்பத்திரியில இருந்து வந்தவையோ?"

அக்கா என்னைப் பார்த்தா. "எனக்கு ஒண்ணும் வெளங்கலம்மா. நீங்க படிச்சவங்க, நீங்க சொல்லுங்க" என்றா.

என் கைப்பையின் உள் ஸிப் அறைக்குள் அந்தத் தாள் இருந்தது. பை என் தோளில் இருந்தது. "அப்பிடி ஆரும் இல்லை, டொக்டர்" என்றேன். என் கணவர் அப்போதுதான் தானாக நாற்காலிக்கு மாறப் பழகியிருந்தார். சொல்லியிருந்தால் அன்றைக்கே எங்களை அனுப்பியிருப்பார்கள். வீட்டில் அந்தக் கொட்டில் இன்னும் இருந்தது.

நீங்கள் வழமையான மருந்தைத் தொடங்கினீர்கள். முதல் நாளும் இரண்டாம் நாளும் அது கேட்கவில்லை. நான் இரண்டு நாளும் வந்து அக்காவுக்குச் சோறு கொடுத்தேன். இரண்டு நாளும் பை என்னிடம்தான் இருந்தது. மூன்றாம் நாள் சோதனை மறுமொழி வந்து நீங்கள் மருந்தை மாற்றியபோது அவனுக்கு நினைவு தப்பியிருந்தது. நான்காம் நாள் மதியம் அவன் உயிர் போனது. அக்கா அவனுடைய காலைப் பிடித்துவிட்டுக்கொண்டே இருந்தா, உணர்வில்லாத காலை.

பிறகு எல்லோருடைய புண்ணிலும் பஞ்சுக் குச்சியால் மாதிரி எடுக்கச் சொன்னீர்கள். சாரங்காவுக்கு அன்று வேலை அதிகம். "அக்கா, அண்ணையைத் திருப்பிற நேரம் நீங்களே எடுத்துத் தாங்கோ" என்று குச்சியை என்னிடம் தந்தாள். நான் அதை என் முழங்கையில் தேய்த்துக் கொடுத்தேன். இவருக்குக் கிருமி இல்லை என்று வந்தது. வேறு இரண்டு பேருக்கு இருந்தது. அவர்களைப் பின் அறைக்கு மாற்றினார்கள். அதில் ஒருவருக்கு அந்தக் கடும் மருந்தால் சிறுநீரகம் பழுதாகி, இப்போது கிழமைக்கு இரண்டு தடவை இரத்தம் சுத்திகரிக்கிறார்கள். ஆனால் உயிரோடு இருக்கிறார்.

கிருமி எப்படி வந்தது என்று விசாரிக்க வந்தவர்கள் சாரங்காவின் கைகளைப் பற்றிக் கேட்டார்கள். அவள் ஒரு தடவை கையுறை மாற்றாமல் இரண்டு கட்டில் பார்த்ததை நான் கண்டிருந்தேன். அதைச் சொன்னேன். அது உண்மை. ஒரேயொரு தடவை, மின்சாரம் நின்று எல்லோரும் ஒன்றாகக் கூப்பிட்ட நாளில். அவள் என்னைப் பார்த்து, "நானோ அக்கா அவனைச் சாகடிச்சனான்?" என்று கேட்டாள். அப்படி யோசிக்காதே என்று சொன்னேன். அடுத்த கிழமை வேலையை விட்டுப் போய்விட்டாள். இளம் பிள்ளை, எங்கேயும் வேலை கிடைக்கும்.

இன்று காலை ஆறரைக்கு என் கணவருக்கு நடுக்கம் தொடங்கியது. அஜந்தனுக்கு வந்த அதே நடுக்கம். கண்டவுடன் எனக்குத் தெரிந்துவிட்டது. வான் வண்டியில் ஏற்ற ஆட்கள் காணாது. சுப்பம்மா அக்கா அடுப்பை அணைத்துவிட்டு ஓடி வந்து காலைப் பிடித்துத் தூக்கினா. "பயப்படாதம்மா, எம்புள்ளக்கித்தான் அப்பிடி ஆயிருச்சி, அய்யாவுக்கு ஒண்ணும் ஆகாது" என்று சொல்லிக்கொண்டே தூக்கினா.

நீங்கள் கேட்ட கேள்விக்கு இன்னும் மறுமொழி எழுதவில்லை. இந்தத் தாளை இவ்வளவு காலமும் ஏன் எரிக்காமல் வைத்திருந்தீர்கள் என்று கேட்டீர்கள். எரிக்க எத்தனையோ தடவை அடுப்படிக்குக் கொண்டுபோனேன். ஆனால் என்றைக்காவது இவருக்குக் காய்ச்சல் வந்தால், மூன்று நாள் காத்திருக்க முடியாது என்று எனக்குத் தெரியும். அஜந்தன் கிடந்தபோது அதைக் கண்ணால் பார்த்தேன்.

ஏழு மணிக்கு அந்தத் தாளை உங்கள் மேசையில் வைத்தேன். எட்டு மணிக்கு மருந்து ஏறத் தொடங்கிவிட்டது என்று தாதி சொன்னா. உங்கள் அறிக்கையை எழுதும்போது அதை மறக்காமல் குறித்துக்கொள்ளுங்கள், டொக்டர். ஓர் உயிர் ஆபத்தில் இருந்தபோது நான் அந்தத் தாளை ஒளிக்கவில்லை.