அரையடி ஒயர்

நாற்காலியை மாற்றித் தந்ததற்கு நன்றி, மேடம். எனக்கு இடுப்பு வலி உண்டு. இருபத்தேழு வருடம் லிஃப்ட் குழிகளில் இறங்கி ஏறிய இடுப்பு. வாக்குமூலத்தை நானே எழுதித் தருகிறேன் என்று கேட்டதற்கும் காரணம் இருக்கிறது. உங்கள் ரைட்டர் நேற்று எடுத்த குறிப்பில் தேதியை இரண்டு இடத்தில் தப்பாகப் போட்டிருந்தார். சொன்னேன், முறைத்தார். தப்பைச் சுட்டிக்காட்டினால் ஆட்கள் முறைப்பது எனக்குப் பழகிப்போன விஷயம்.

என் பெயர் தனசிங். வீடு கிழக்குத் தாம்பரம். லிஃப்ட் பராமரிக்கும் கம்பெனி ஒன்றில் எட்டு வருடமாகப் பாதுகாப்பு அதிகாரி. தாம்பரம், பொத்தேரி, அந்தப் பக்கம் சிறுசேரி வரைக்கும் நூற்றுப்பத்துக் கட்டடங்கள் எங்கள் பொறுப்பில் இருக்கின்றன. போன ஆகஸ்டில் பொத்தேரியில் ஒரு மாணவர் விடுதியில் அம்மணி என்ற துப்புரவுப் பெண் லிஃப்ட் குழியில் விழுந்து இறந்தாள். அதற்காக எங்கள் சூப்பர்வைசர் சக்திவேலைக் கைது செய்து வழக்குப் போட்டீர்கள். அது தப்பு. முழுத் தப்பு என்று சொல்ல மாட்டேன், முக்கால் தப்பு.

உங்களுக்குப் புரியும்படி சொல்கிறேன். பழைய லிஃப்டில் ஒவ்வொரு மாடியிலும் கையால் இழுத்துத் திறக்கிற கதவு இருக்கும். அது சரியாகப் பூட்டிக்கொண்டால்தான் லிஃப்ட் நகரும். பூட்டு தேய்ந்துவிட்டால் லிஃப்ட் நின்றுவிடும், நிற்கத்தான் வேண்டும். ஆனால் நின்றால் குடியிருப்பவர்கள் போன் போட்டுத் திட்டுவார்கள். அதனால் எங்கள் மெக்கானிக்குகள் மெஷின் ரூமில் அரையடி ஒயரைச் சொருகி, கதவு பூட்டியிருப்பதாக லிஃப்டை நம்பவைப்பார்கள். புதுப் பூட்டு வருகிற வரைக்கும்தான் என்பார்கள். பூட்டு மாசக்கணக்கில் வராது. அதுவரை அந்தக் கதவைத் திறந்தால் பின்னால் லிஃப்ட் இருக்கலாம், வெறும் குழியும் இருக்கலாம்.

இதற்காகவே செக்லிஸ்டில் ‘ஒயர் எடுத்தாயிற்று’ என்று ஒரு கட்டம் சேர்த்தேன். மெக்கானிக் டிக் போட வேண்டும், சூப்பர்வைசர் நேரில் போய்ப் பார்த்துக் கையெழுத்துப் போட வேண்டும். சக்திவேல் மாதம் முதல் தேதி தாம்பரம் சானடோரியம் டீக்கடையில் உட்கார்ந்து மொத்தக் கட்டுக்கும் கையெழுத்துப் போட்டுவிடுவான். நூற்றுப்பத்துத் தாள், ஒரு டீ, இரண்டு பஜ்ஜி. பாதித் தாளில் எண்ணெய்க் கறை இருக்கும்.

வெள்ளிக்கிழமைதோறும் மீட்டிங். விபத்தாகாமல் தப்பியவற்றை நான் வாசிப்பேன். ஒரே வருடத்தில் பதினாலு தடவை இந்த ஒயரைப் பற்றி வாசித்தேன். பதினாலாவது தடவை சக்திவேல் எழுந்தான்.

“சார், ஆளு உங்க பேப்பர்லதான் சாவுறான். சைட்ல ஒர்த்தனும் சாவல. இன்னாத்துக்கு வாரா வாரம் பேஜார் பண்ணிகினு கீறீங்க?”

முப்பது பேர் சிரித்தார்கள். மேனேஜர் நசீருதீன் சார் கைக்குட்டையை வாயில் வைத்துக்கொண்டு சிரித்தார். நானும் சிரித்தேன். இது முக்கியமில்லை. நடந்தது என்பதால் எழுதுகிறேன்.

வீட்டுக்குப் போகிற வழியெல்லாம் யோசித்தேன். அவன் சொன்னதில் நியாயம் இருந்தது. மனிதன் தப்பிலிருந்து கற்றுக்கொள்வான் என்று பயிற்சி வகுப்பில் நானே சொல்லிக்கொடுத்திருக்கிறேன். அது அரைப் பொய். தப்பு செய்தும் ஒன்றும் ஆகவில்லை என்றால், இப்படியும் செய்யலாம் என்பதைத்தான் அவன் கற்றுக்கொள்கிறான். ஜி.எஸ்.டி. ரோட்டில் யாராவது அடிபட்டுச் செத்தால் ஒரு வாரம் எல்லார் தலையிலும் ஹெல்மெட் இருக்கும். கம்பெனிக்கும் அப்படி ஒன்று தேவைப்பட்டது. இதை நான் வருத்தத்தோடுதான் சொல்கிறேன்.

ஆகஸ்டில் ஒரு செவ்வாய்க்கிழமை, காலை பதினோரு மணிக்குப் பொத்தேரி விடுதிக்குச் சோதனைக்குப் போனேன். மூன்றாம் மாடிக் கதவுக்கு ஒயர் போட்டிருந்தார்கள். உருவிச் சட்டைப் பையில் போட்டுக்கொண்டேன். லிஃப்ட் நின்றது. இறங்கி வரும்போது மூன்றாம் மாடியில் அம்மணி நின்றிருந்தாள். பக்கத்தில் ஒரு நீல ட்ரம், கழுத்துவரை குப்பை.

“லிஃப்ட் ரெடி ஆயிடுச்சா சார்? படியில இஸ்துகினு போனா இடுப்பே வுட்டுப்போவுது.”

அஞ்சு நிமிஷம் என்றேன். அவள் ஒரு பிளாஸ்டிக் ஸ்டூலைத் தன் முந்தானையால் துடைத்துப் போட்டாள். உட்கார்ந்தேன். அந்த ஸ்டூலில் உட்கார்ந்துதான் முடிவெடுத்தேன். அவசரப்பட்டு எடுத்த முடிவில்லை என்பதை நீங்கள் குறித்துக்கொள்ள வேண்டும்.

மேலே போய் ஒயரை இருந்த இடத்திலேயே சொருகினேன். லிஃப்ட் வந்தது. அவள் கதவை இழுத்துத் திறந்து, ட்ரம்மை இரண்டு கையாலும் பற்றி இழுத்தபடி, முதுகுப் பக்கமாகவே உள்ளே போனாள். தினமும் அப்படித்தான் போவாள் போலிருக்கிறது, ஒரு தடவைகூடத் திரும்பிப் பார்க்கவில்லை. நோட்டில் எழுதிக்கொண்டேன். “தேங்க்ஸ் சார்” என்றாள். பரவாயில்லை என்றேன்.

ஒன்பது நாள் ஆயிற்று. நடுவில் வெள்ளிக்கிழமை வந்தது. ஒயரைப் பற்றி நான் ஒன்றும் வாசிக்கவில்லை, யாரும் ஏன் என்று கேட்கவுமில்லை. எட்டாம் நாள் எனக்கே சந்தேகம் வந்துவிட்டது, யாராவது ஒயரை எடுத்துவிட்டார்களோ என்று. அப்படியெல்லாம் பொறுப்புள்ள ஆள் எங்கள் கம்பெனியில் கிடையாது. ஒன்பதாம் நாள் காலை லிஃப்ட் ஐந்தாம் மாடியில் நின்றிருந்தபோது அவள் மூன்றாம் மாடிக் கதவைத் திறந்து முதுகுப் பக்கமாகப் போனாள். ட்ரம்மும் அவள் மேலேயே விழுந்தது.

விபத்து அறிக்கையை நான்தான் எழுதினேன். இருபத்திரண்டு பக்கம். ஏன் விழுந்தாள், ஏன் கதவு திறந்தது, ஏன் ஒயர் இருந்தது, ஏன் யாரும் பார்க்கவில்லை என்று படிப்படியாக இறங்கி, பார்க்காமல் போடுகிற கையெழுத்தில் கொண்டுபோய் முடித்திருந்தேன். என் வாழ்க்கையிலேயே நன்றாக வந்த அறிக்கை அதுதான். படித்தால் யாருக்கும் கண் திறக்கும் என்று நம்பினேன்.

நசீருதீன் சார் கடைசிப் பக்கத்தை மட்டும் படித்தார். சக்திவேலை வேலையை விட்டு எடுத்தார்கள், நீங்கள் அவனை உள்ளே வைத்தீர்கள். ஆபீஸ் வாசலில் ‘பாதுகாப்பே முதல்’ என்று பேனர் கட்டினார்கள். புது சூப்பர்வைசராக வந்த பியூலா அக்டோபர் முதல் தேதி ஏசி அறையில் உட்கார்ந்து நூற்றுப்பத்துத் தாளிலும் கையெழுத்துப் போட்டாள். எண்ணெய்க் கறை மட்டும்தான் இல்லை. எனக்கு வயிறு எரிந்தது, மேடம். ஒரு உயிரைக் கொடுத்தும் ஒன்றும் கற்றுக்கொள்ளவில்லை. அம்மணியை வீணாக்கிவிட்டார்கள்.

ஒரு தீர்வு பலித்ததா என்று சோதித்துப் பார்ப்பது என் வேலை. அதனால்தான் போன திங்கட்கிழமை சேலையூர் அடுக்குமாடிக்குப் போனேன். மூன்றாம் மாடிக் கதவின் பூட்டை அரத்தால் ராவினேன், மெஷின் ரூமில் ஒயரைச் சொருகினேன். கேமராவில் இருப்பது நான்தான்.

ஜாமீனில் வந்திருக்கிற சக்திவேல் அந்தக் கட்டடத்தில் மூன்றாம் மாடியில் குடியிருக்கிறான். அன்று மாலை மகளைக் கூட்டிக்கொண்டு கீழே போகக் கிளம்பியவன், கதவைத் தொட்டதும் ஆடுவதைப் பார்த்திருக்கிறான். மகளை வீட்டுக்குள் தள்ளிக் கதவைச் சாத்திவிட்டு, மேலே ஓடி ஒயரை உருவி, மெயினை அணைத்து, நீங்கள் வருகிற வரைக்கும் அந்த லிஃப்ட் கதவின் மேல் முதுகைச் சாய்த்தே உட்கார்ந்திருந்தானாம். முப்பத்துநாலு நாள் ஜெயில் அவனுக்கு நன்றாகச் சொல்லிக்கொடுத்திருக்கிறது என்று நீங்கள் சொன்னீர்கள். நான் அப்படி நினைக்கவில்லை. ஒயரை எடுத்தால் எடுத்ததாக எழுதி வைக்க வேண்டும். அவன் எந்தப் படிவத்திலும் எழுதவில்லை.

நூற்றுப்பத்துக் கட்டடத்தில் அவன் வீடு இருக்கிற கட்டடத்தை ஏன் எடுத்தீர்கள், அன்றைக்கு மீட்டிங்கில் கேலி செய்தான் என்பதற்காகவா என்று கேட்டீர்கள். எனக்கு அவன் மேல் எந்த விரோதமும் இல்லை. கட்டடத்தை நான் தேர்ந்தெடுக்கவே இல்லை. எல்லாப் பெயரையும் சீட்டில் எழுதி மடித்து, ஒரு எவர்சில்வர் டப்பாவில் போட்டுக் குலுக்கி, முழங்காலில் நின்று ஜெபித்துவிட்டுத்தான் எடுத்தேன். எங்கள் வீட்டில் பெரிய முடிவெல்லாம் அப்படித்தான். மகள் ஹெப்சிக்கு மாப்பிள்ளை பார்த்தபோதும் சீட்டுப் போட்டோம். முதலில் சிறுசேரி வந்தது, அது எனக்குத் தூரம். அடுத்து ஊரப்பாக்கம், அங்கே லிஃப்ட் புதுசு. அதற்கடுத்ததில் எங்கள் சபைக்காரர்கள் குடியிருக்கிறார்கள். இப்படி ஒவ்வொன்றையும் ஒதுக்கி வைத்ததற்குத் தகுந்த காரணம் இருந்தது, வேண்டுமானால் வரிசையாக எழுதித் தருகிறேன். என் சொந்த விருப்பம் இதில் துளியும் கிடையாது. நாற்பத்தோராவது சீட்டில் கர்த்தர் எனக்குத் தெளிவாகப் பதில் சொன்னார்.