நீல அறைத் திறப்பு விழாவில் மருமகள் பேசியது

நீலப் பட்டாடை நலுங்காமல், நிமிர்ந்த நெஞ்சோடு நடுநாயகமாக வீற்றிருக்கும் நிறமந்திர மன்றத்தின் தலைவர் அவர்களே! அவர் தலையாட்டும் திசையெல்லாம் தவறாமல் தலையாட்டும் தனித்திறம் படைத்த செயற்குழுப் பெரியோர்களே! நாற்காலி கிடைக்காமல் வெயிலில் நிற்கும் தாய்மார்களே! நாற்காலி கிடைத்ததால் நிம்மதியாகத் தூங்கும் முன்வரிசைச் சான்றோர்களே! அனைவருக்கும் என் பணிவான வணக்கம்.

என் மாமியார் பெயரால் இன்று இங்கே ஒரு நீல அறை திறக்கப்படுகிறது. முதல் நோயாளியாக, காய்ச்சலில் துவளும் ஒரு சின்னப் பெண் காலையிலிருந்தே உள்ளே தனியாகக் கிடக்கிறாள். துணி தேய்த்துப் பிழைக்கும் அவளுடைய அம்மா, இதோ, உள்ளே விடாமல் படிக்கட்டில் உட்கார வைக்கப்பட்டிருக்கிறார். என்ன ஏற்பாடு! என்ன நேர்த்தி!

மாமியாரைப் புகழ மருமகளை மேடையேற்றிய துணிச்சலுக்கே இந்த மன்றத்துக்கு ஒரு மாலை போடலாம். அடுப்படி தொடங்கி அலமாரி வரை எனக்கும் அத்தைக்கும் எதிலுமே ஒத்துப்போனதில்லை. சிரிக்காதீர்கள், உங்கள் வீட்டுக் கதையும் எனக்குத் தெரியும்! ஆனாலும் அத்தையைத் திட்டும் உரிமை எனக்கு மட்டுமே உண்டு என்று நம்பியிருந்தேன். அதிலும் மன்றம் என்னை முந்திக்கொண்டது.

அப்படி அவர் செய்த குற்றம்தான் என்ன? கொள்ளையா? கொலையா? இல்லை, அதைவிடக் கொடியது. உண்மையைச் சொன்னார்!

அவர் இதே மன்றத்தில் நீல மந்திரம் போதித்த ஆசிரியை. மன்றத்தின் கொள்கையை நீங்கள் அறிவீர்கள். சிவப்பு துணிவைத் தரும், மஞ்சள் மறதியைப் போக்கும், நீலம் காய்ச்சலை உறிஞ்சும். நோயாளி தனியாகப் படுத்துச் சுவரையே பார்க்க வேண்டும். கூட ஆள் இருந்தால் நிறத்தின் சக்தி சிதறிவிடும். சுவரைப் பார்க்க முடியாததால் பார்வையற்றவர்களுக்கு வாசற்படியோடு சரி. அப்படித் தடுக்கப்பட்டு, காய்ச்சலில் நடுங்கிக்கொண்டிருந்த கயிறு திரிக்கும் பெண்ணொருத்தியை அத்தை பின்வாசல் வழியாகக் கூட்டிவந்து படுக்க வைத்தார்.

"எனக்குத்தான் கண்ணு தெரியாதேம்மா. நீலம்னா எப்படி இருக்கும்?" என்று கேட்டாள் அவள்.

"வெயில்ல அலைஞ்சுட்டு வந்து மூஞ்சில தண்ணி அடிச்சா எப்படி இருக்கும்? அப்படி இருக்கும்."

"அட! அப்ப பச்சை?"

"முதல்ல இந்தக் கஞ்சியைக் குடி. பச்சைக்கு அப்புறம் போகலாம்."

பேசிப் பேசி, நெற்றியில் ஈரத்துணி போட்டுப் போட்டு, காய்ச்சல் இறங்கிவிட்டது. பார்வையற்றவளுக்கே குணமாகிவிட்டது என்றால் மன்றம் விடுமா? மேளம் என்ன, ஊர்வலம் என்ன! நீலம் தோல் வழியாகவும் பாயும் என்று பேரறிஞர் ஒருவர் மூச்சு வாங்க முழங்கினார்.

அத்தை எழுந்து நின்று சொன்னார்: "அந்த ரூம்ல நீலமே இல்லைங்க. பழைய பூச்சைச் சுரண்டிட்டுச் சுண்ணாம்பு அடிச்சு வச்சிருந்தது. பெயிண்டர் இன்னும் வரலை."

ஆம் ஐயா! நோயாளியைத் தவிர யாரும் நுழையக்கூடாது என்று விதி வகுத்த அறிஞர்களில் ஒருவர்கூட அந்தச் சுவரைப் பார்த்ததே இல்லை!

"அப்போ நிறத்துக்குச் சக்தியே இல்லைங்கிறீங்களா?" என்று அன்றைய தலைவர் உறுமினார்.

"இருக்குங்க. பக்கத்துல ஒரு ஆள் உட்கார்ந்து அதைப் பத்திப் பேசுறப்ப இருக்கு."

போதாதா? பிடித்தார்கள், பழித்தார்கள், படியிறக்கினார்கள். சாகும்வரை சாயம் ஏறாத சாக்குத்துணிதான் உடுத்த வேண்டும் என்று தீர்ப்பு. அந்தச் சாக்குத்துணியிலும் அத்தை அழகாக இருந்தார். அது அடுத்த குற்றம்!

தலைவர் துண்டுச்சீட்டு அனுப்பியிருக்கிறார், சுருக்கமாகப் பேச வேண்டுமாம். சுருக்கிவிடுகிறேன் ஐயா.

அத்தை இறந்தபோது எட்டிப் பார்க்காத மன்றம் இன்று அவர் பெயரைப் பொன்னெழுத்தில் பொறித்திருக்கிறது. அதன் கீழேயே கொட்டை எழுத்தில் ஓர் அறிவிப்பு: 'உறவினருக்கு அனுமதி இல்லை'. 'கூட ஆள் கூடாது' என்ற எந்தப் பூட்டை உடைத்ததற்காக அவரை விரட்டினீர்களோ, அந்தப் பூட்டுக்கே அவர் பெயரைச் சூட்டியிருக்கிறீர்கள். விரட்டியபோதுகூட அவரை இவ்வளவு அவமானப்படுத்தவில்லையே ஐயா!

தயவுசெய்து அந்த மேளத்தை நிறுத்துங்கள். கைதட்டலையும் நிறுத்துங்கள். ஒரு நிமிடம் காது கொடுங்கள்.

கேட்கிறதா? கதவுக்கு அந்தப் பக்கம் ஒரு குழந்தை "அம்மா" என்று அழுதுகொண்டிருக்கிறது. நீலம் என்று அழவில்லை.

எனக்கு ஆத்திரமாக வருகிறது. இதற்குமேல் பேச்சு வராது. பொறுமையாகக் கேட்டவர்களுக்கு நன்றி, பொறுமையிழந்த தலைவருக்கு இரட்டை நன்றி. அனைவருக்கும் வணக்கம்.

அக்கா, படிக்கட்டிலிருந்து எழுந்திருங்க. யாரு தடுக்கிறாங்கன்னு நான் பார்த்துக்கிறேன். நீங்க உள்ள போய் அவளை மடியில போட்டுக்கங்க.